நாற்பது செகண்ட் பின்னால்

மோஹிதுல் அண்ணனுக்கு இப்போது தெரிவது எனக்கு நாற்பது செகண்ட் கழித்துத்தான் தெரியும். இதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன், இல்லாவிட்டால் அவர் ஏன் சுவரைப் பார்த்துக்கொண்டு வேலை செய்கிறார், நான் ஏன் அவர் முதுகையே முறைத்துக்கொண்டு நிற்கிறேன் என்று யாருக்கும் புரியாது. சற்று முன்னால் ஜெர்சி அளவு கொடுக்க வந்த ஒருத்தர், என்னம்மா ரெண்டு பேரும் பேசிக்கிறதில்லையா என்று கேட்டுவிட்டே போனார். சண்டையெல்லாம் இல்லை. மேட்ச். கல்கத்தாவில் என் அக்கா பவுலின் கோல் கம்பங்களுக்கு நடுவில் நிற்கிறாள், பெரியமேட்டில் ஜெர்சிக்கு நம்பர் ஒட்டுகிற கடையில் நான் பிரஸ் மெஷினுக்கு முன்னால் நிற்கிறேன். அவள் சம்பளத்துக்கு ஆடுகிறவள். பெங்களூர் கிளப் ஒன்றின் இரண்டாவது கீப்பர், முதல் கீப்பருக்குக் காய்ச்சல் என்பதால் இன்றைக்கு இவளை இறக்கியிருக்கிறார்கள், பதினான்கு மாதத்துக்குப் பிறகு முதல் முறை. என் இடது காதில் மட்டும் இயர்போன். வலது காது பாய் வருகிறாரா என்று கேட்பதற்கு. ஜக்கரியா பாய்தான் கடை ஓனர். மெஷின் பக்கத்தில் போன் கூடாது என்பது அவர் போட்ட சட்டம், ஏனென்றால் எனக்கு முன்னால் இருந்த பையன் போன் பார்த்துக்கொண்டே கையை வைத்துவிட்டான், நூற்றைம்பது டிகிரி, உள்ளங்கை வெந்துபோனது. பாய் இப்போது அஸர் தொழுகைக்குப் போயிருக்கிறார். வருவதற்கு அரை மணி ஆகும், வழியில் டீக்கடையில் யாராவது மாட்டினால் இன்னும் கொஞ்சம். யாராவது மாட்டட்டும். அறுபத்திரண்டாவது நிமிஷம், ஒன்றுக்குப் பூஜ்யம், அக்கா டீம்தான் முன்னால்.

காசில்லாமல் மேட்ச் கேட்பதற்கு எத்தனை வழி என்று பரீட்சையில் ஒரு கேள்வி வந்திருந்தால் நான் பதினொன்றாவதோடு நின்றிருக்க மாட்டேன், பக்கம் பக்கமாக எழுதியிருப்பேன். ஆண்கள் ஆடுவதை எங்கள் வியாசர்பாடியில் யார் வீட்டு ஜன்னலில் எட்டிப் பார்த்தாலும் டிவியில் பார்க்கலாம். பெண்கள் ஆடுவதைத் தேடினாலும் கிடைக்காது. முதலில் கிளப்காரர்கள் போனில் போடுகிற ஸ்கோரை மட்டும் பார்த்துக்கொண்டிருந்தேன், பத்து நிமிஷத்துக்கு ஒரு தடவை ரெண்டு நம்பர் வரும், அதைப் பார்ப்பதும் ஒன்று, ஆஸ்பத்திரி வராண்டாவில் நர்ஸ் முகத்தைப் பார்ப்பதும் ஒன்று. அப்புறம் அக்காவின் ரூமில் இருந்த ஒருத்தி எனக்குப் போன் போட்டு கேலரியில் மடியில் வைத்துக்கொள்வாள். காற்று கேட்கும், அவள் சிப்ஸ் தின்பது கேட்கும், முக்கியமான நேரத்தில் அவள் கத்துகிற கத்தலில் போன் கீழே விழுந்து கட்டாகிவிடும். அதற்கும் பிறகுதான் முர்ஷிதாபாத்திலிருந்து மோஹிதுல் அண்ணன் இந்தக் கடைக்கு வந்தார். நம்பர் வெட்டி வருகிற ஸ்டிக்கர் ஷீட்டில் வேண்டாத ஓரங்களை ஊசி முனையால் உரித்தெடுப்பது அவர் வேலை, எட்டுக்குள் இருக்கிற ரெண்டு ஓட்டை, ஆறுக்குள் இருக்கிற ஒரு ஓட்டை, எல்லாம் அவர் ஊசிதான். வந்த ரெண்டாவது வாரம் அவர் தனியாகச் சிரிப்பதைப் பார்த்துவிட்டு என்ன என்று கேட்டேன். ரேடியோ என்றார். இந்தக் காலத்தில் ரேடியோவா என்றேன். அவருக்குக் கோபமே வந்துவிட்டது. கல்கத்தாவில் புட்பால் என்றால் ரேடியோதான், சமைத்துக்கொண்டே கேட்பார்கள், ரிக்‌ஷா ஓட்டிக்கொண்டே கேட்பார்கள், பெண்கள் மேட்சுக்கும் பெரிய ஆட்டமாக இருந்தால் கமென்ட்ரி உண்டு என்று அவருடைய உடைந்த தமிழில் முழு மதியமும் சொன்னார். அவர் வழி தனி வழி. சியால்தா பக்கம் டீக்கடையில் வேலை செய்கிற அவர் சித்தப்பா மகன் நிஜ டிரான்சிஸ்டர் ஒன்று வைத்திருக்கிறான், மேட்ச் தொடங்கியதும் அண்ணனுக்குப் போன் போட்டு, போனை ரேடியோ மேலேயே சாய்த்து வைத்துவிடுவான். பேசுவதற்குத்தான் காசே இல்லையே இப்போது. மைதானத்தில் ஒரு ஆள் பேசுகிறார், அது டவருக்குப் போய், காற்றில் வந்து, டீக்கடை ரேடியோவுக்குள் இறங்கி, அங்கிருந்து போனுக்குள் நுழைந்து, பெரியமேட்டுக்கு வந்து, ஸ்டிக்கர் உரிக்கிற ஒருத்தர் காதுக்குள் விழுகிறது. நடுவில் கெட்டில் கொதிக்கிற சத்தமும் கேட்குமாம். என் வழி வேறு. நாட்டில் இருக்கிற எல்லா ஸ்டேஷனும் ஒரே இடத்தில் வருகிற இலவச ஆப் ஒன்று இருக்கிறது, அதில் கல்கத்தாவைத் தேடிப் போட்டுக்கொண்டேன். ரெண்டு பேருக்கும் ஒரே குரல்தான். முதல் நாள் நாங்கள் ரெண்டு பேரும் ஒன்றாகக் கேட்டபோது அவர் திடீரென்று கோல் என்று குதித்தார், என் காதில் பந்து இன்னும் நடு மைதானத்தில் இருந்தது. பைத்தியமா இந்த ஆளுக்கு என்று நினைத்தேன். அப்புறம் என் காதிலும் கோல் விழுந்தது. பிரஸ் மெஷின் டைமரை வைத்து எண்ணிப் பார்த்தோம். ஆப்பில் வருவது நாற்பது செகண்ட் லேட். எனக்கு முடி கூச்செறிந்தது, பொய் சொல்லவில்லை. நான் நின்ற இடத்திலிருந்து ரெண்டு அடி தூரத்தில் ஒரு மனுஷன் எனக்கு இன்னும் நடக்காததைத் தெரிந்துகொண்டு நின்றார்.

அவர் இயர்போனில் ஒரு காதை எனக்குத் தருவதாகத்தான் சொன்னார். வேண்டாம் என்றுவிட்டேன். பாய் வந்தால் ரெண்டு பேரும் ஒரே ஒயரில் தொங்கிக்கொண்டு மாட்டுவோம் என்று காரணம் சொன்னேன். உண்மை அது இல்லை. எனக்கு அந்த நாற்பது செகண்ட் வேண்டும். ஏதாவது ஆகிவிட்டாலும் நாற்பது செகண்டுக்கு எனக்கு ஆகவில்லை இல்லையா. முட்டாள்தனம்தான். ஆனால் அவர் முகம் கண்ணாடி மாதிரி, எல்லாம் தெரிந்துவிடும், அதனால் சுவரைப் பார்த்துத் திரும்பி நில்லுங்கள் அண்ணா என்று சொல்லிவிட்டேன். நின்றார். பிரஸ்ஸில் நாளைக் காலை தெரு டோர்னமென்ட்டுக்கான ஜெர்சிகள், ஊதா கலர், முதுகில் பெயர், கீழே நம்பர். கொக்கு பிரபா, ஒன்பது. கரண்ட் கணேசன், நாலு. வைக்க வேண்டும், மேலே பட்டர் பேப்பர், கைப்பிடியை அழுத்த வேண்டும், பதினைந்து செகண்ட், பீப், திறந்து ஆறவிட்டு மேல்தாளை உரிக்க வேண்டும். கை தானாகச் செய்கிறது. காதில் கமென்ட்ரிக்காரர். அவர் பேசுவது வங்காளம், எனக்கு ஒரு வரி புரியாது, ஆனால் புரியாமலேயே எல்லாம் தெரிகிறது, அதுதான் இன்னும் எனக்கு ஆச்சரியமாக இருக்கிறது. பந்து நடுவில் இருந்தால் அவர் குரல் கதை சொல்வது மாதிரி ஓடும். ஓரத்தில் ஏறினால் மூச்சு சின்னதாகும். கோலுக்கு முன்னால் இருக்கிற பெட்டிக்குள் வந்தால் வார்த்தைக்கு வார்த்தை இடைவெளியே இருக்காது, பஸ்ஸுக்குப் பின்னால் ஓடுகிறவன் மாதிரி. கேட்டுக் கேட்டு ஒரு இருபது வார்த்தை பிடித்து வைத்திருக்கிறேன். பா திகே என்றால் இடது பக்கம். டான் திகே என்றால் வலது பக்கம். அதைவிடப் பெரிய பாடம் கூட்டம். கூட்டம் முழுக்க அந்த ஊர் டீமுக்கு. அவர்கள் சந்தோஷமாகக் கத்தினால் எங்களுக்கு நாசம். அவர்கள் முனகினால் எங்களுக்கு நல்லது. எட்டாயிரம் பேருடைய வயிற்றெரிச்சலுக்காக நான் இங்கே காத்துக்கொண்டிருக்கிறேன். இப்போதுகூட ஓ என்று பெரிசாக ஒரு முனகல், பந்து வெளியே போயிருக்க வேண்டும், கமென்ட்ரிக்காரர் பொலின், பொலின் என்கிறார், அக்கா பெயர் அவர் வாயில் அப்படித்தான் வரும். எங்கள் தெருவில் அக்காவைப் பவுலு என்று கூப்பிடுவார்கள், குட்டச்சி என்றுகூடச் சொல்வார்கள், கீப்பருக்கு இந்த உயரமா என்று சிரிப்பார்கள். அந்தப் பெயரை எங்கேயோ ஒரு ஆள், எங்களை ஜென்மத்தில் பார்த்திராத ஆள், இவ்வளவு மரியாதையாக, ரெண்டு தடவை சொல்கிறார்.

முட்டி. பீப். முட்டி, முட்டி. நினைக்கக் கூடாது என்று நினைத்தால் அதுதான் வருகிறது. பதினான்கு மாதத்துக்கு முன்னால் பயிற்சியில் குதித்து இறங்கியபோது இடது முட்டிக்குள் டொக் என்று ஒரு சத்தம் கேட்டதாம், பக்கத்தில் நின்றவளுக்கே கேட்டதாம். உள்ளே ஒரு நார் அறுந்துவிட்டது. தொடையிலிருந்து நார் எடுத்து உள்ளே கட்டினார்கள். அம்மா ஆபரேஷன் முடிகிறவரை செருப்பைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டே நின்றாள், ஏன் என்று கேட்டதற்கு அவளுக்கே தெரியவில்லை. டாக்டர் நல்ல மனுஷன், சுற்றி வளைக்கவில்லை. இன்னொரு தடவை அறுந்தால் ஆட்டத்தை மறந்துவிட வேண்டும், நாற்பது வயதில் மாடிப்படி ஏற முடியாது, அவ்வளவுதான் என்றார். அம்மாவைப் பொறுத்தவரை அக்கா இந்த சீசன் முழுக்க பெஞ்சில் உட்கார்ந்திருக்கிறாள். இன்றைக்கு ஆடுவது எனக்கும் மோஹிதுல் அண்ணனுக்கும்தான் தெரியும். காலையில் நான் கடைக்குக் கிளம்பும்போது அக்கா போன் பண்ணினாள்.

"மூணு நாளா வீங்குதுடி. ஐஸ் வச்சா அடங்குது. மேடம்கிட்ட சொல்லல."

"சொல்லு."

"சொன்னா வேற ஆளைப் போட்டுடுவாங்க. அப்புறம் அடுத்த வருஷம் எவன் என்னை எடுப்பான்? உள்ள ஏதாச்சும் புடிச்சா நானே கையைத் தூக்கிட்டு வெளிய வந்துடறேன்."

"நீயா? உன்னை எனக்குத் தெரியாதா."

"போடி. நீ ஸ்கூலை விட்டு வந்தல்ல, அந்த மாதிரி வந்துடறேன்."

சிரித்துவிட்டு வைத்துவிட்டாள். கையைத் தூக்குகிற ஆளா அவள். எட்டாவது படிக்கும்போது விரல் உடைந்ததை மூன்று மேட்ச் யாருக்கும் சொல்லவில்லை, தட்டில் சோறு பிசைய முடியாமல் ஸ்பூன் கேட்டபோதுதான் தெரிந்தது. மேடம் என்றால் அவள் டீம் கோச், அவர் நம்பர் என் போனில் இருக்கிறது, ஆபரேஷன் சமயத்தில் வாங்கியது. பஸ்ஸில் வரும்போது எடுத்தேன். மேடம் அக்காவுக்கு முட்டி வீங்கியிருக்கிறது என்று எழுதினேன். அழித்தேன். மறுபடி எழுதினேன். ஓட்டேரி வரைக்கும் எழுதி எழுதி அழித்தேன். அனுப்பியிருந்தால் இன்றைக்கு அவள் பெஞ்சில் உட்கார்ந்திருப்பாள், என்னோடு ஜென்மத்துக்கும் பேச மாட்டாள், முட்டி பத்திரமாக இருந்திருக்கும். அனுப்பாததற்கு அவள் மேல் பாசம் என்று சொல்லிக்கொள்ளலாம். அது பாதிதான். மீதி பாதி, எனக்குக் கேட்க வேண்டும். பொலின் பொலின் என்று அந்த ஆள் சொல்வதை ஒரு முழு மேட்ச் கேட்க வேண்டும். நான் இப்படித்தான், இதை மறைத்து என்ன ஆகப்போகிறது.

இந்த முதுகு என்னதான் சொல்கிறது. சட்டையில் வியர்வை ஒரு தீவு மாதிரி. ஊசி ஓடிக்கொண்டிருக்கிறது, கையின் மேல்பக்கம் தெரிகிறது, சீராக அசைகிறது, அப்படியென்றால் அடுத்த நாற்பது செகண்டுக்கு ஒன்றும் இல்லை, இந்தப் பக்கம் நான் மூச்சு விடலாம். ஏன் படிப்பை விட்டாய் என்று எல்லோரும் கேட்கிறார்கள். ஒரு நாள் காலை எழுந்து போகவில்லை, மறுநாளும் போகவில்லை, அவ்வளவுதான். பாடம் புரியாமல் இல்லை. ஏழு மணி நேரம் ஒரே இடத்தில் உட்கார்ந்து பிறர் பேசுவதைக் கேட்க என்னால் முடியவில்லை, இப்போது என்னடாவென்றால் ஒரு வார்த்தை புரியாத ஆள் பேசுவதை ரெண்டு மணி நேரம் அசையாமல் கேட்கிறேன். பிசிக்ஸ் மிஸ் சொன்ன ஒன்று மட்டும் மனதில் நின்றுவிட்டது, சத்தத்துக்கு வேகம் உண்டு, அது கிளம்பி வந்து சேர நேரம் ஆகும் என்று. மிஸ் கரும்பலகையில் நம்பர் எழுதினார், எனக்கு நம்பர் தேவைப்படவில்லை, நான் அதைப் பார்த்திருக்கிறேன். எங்கள் ஏரியா மைதானத்தில் அக்கா ஒரு கோடியில் இருந்து பந்தை உதைப்பாள், நான் மறு கோடியில் பந்து பொறுக்க நிற்பேன். அவள் கால் பந்தில் படுவது தெரியும், பந்து மேலே கிளம்பிவிடும், அதற்கு அப்புறம்தான் தம் என்று வரும். காலுக்கும் சத்தத்துக்கும் நடுவில் ஒரு இடம். அந்த இடத்தில் உலகமே ஊமை. அப்படியென்றால் கேலரியில் காசு கொடுத்து உட்கார்ந்திருக்கிற எட்டாயிரம் பேரும் லேட்தான், கொஞ்சூண்டு. கமென்ட்ரிக்காரர் பார்த்து, வாயைத் திறந்து சொல்வதற்குள் இன்னும் லேட். டீக்கடைக்காரப் பையன் அவருக்குப் பின்னால். மோஹிதுல் அண்ணன் அவனுக்குப் பின்னால். நான் எல்லோருக்கும் பின்னால், வாலில். லேட் இல்லாமல் இருக்கிற ஒரே ஆள் அக்காதான். பந்து அவள் கையில் படுகிற அந்த இடத்தில் அவள் மட்டும் இருக்கிறாள், வேறு யாருமே அங்கே போக முடியாது. நினைத்தால் தலை சுற்றுகிறது. நாங்கள் ரெண்டு பேரும் ஒரே பாயில் படுத்து வளர்ந்தவர்கள், அவள் உதைத்து உதைத்துப் போர்வையைப் பிடுங்குகிறவள், அவள் இருக்கிற இடத்துக்கு உலகத்தில் யாருக்குமே டிக்கெட் கிடையாது.

ஊசி நின்றுவிட்டது.

நின்றுவிட்டது. கை அப்படியே இருக்கிறது. என் காதில் கதை சொல்கிற குரல், பந்து நடுவில், நிதானம், ஒன்றுமே இல்லை. அங்கே என்னவோ ஆகிவிட்டது. நான் கைப்பிடியை அழுத்துகிறேன், கரண்ட் கணேசன் உள்ளே போகிறான், டைமர் பதினைந்து, பதினான்கு. அண்ணன் ஊசியை மேஜையில் வைக்கிறார், மெதுவாக, நான் பார்க்கிறேன் என்று அவருக்குத் தெரியும், அசையக் கூடாது என்று முயற்சி பண்ணுகிறார், அந்த முயற்சிதான் பயமாக இருக்கிறது. கோல் விழுந்திருந்தால் தோள் இறங்கியிருக்கும், அவரும் இப்போது அக்கா கட்சிதான், சொந்த ஊர் டீமுக்குத் துரோகம் பண்ணுகிறேன் என்று காலையில்தான் சிரித்துக்கொண்டு சொன்னார். தோள் இறங்கவில்லை. மேஜை ஓரத்தை ரெண்டு கையாலும் பிடித்துக்கொண்டிருக்கிறார். பீப். திறக்க வேண்டும். என் காதில் குரல் ஓரத்தில் ஏறுகிறது, மூச்சு சின்னதாகிறது. எண்ணவில்லை, எத்தனை செகண்ட் போயிற்று. வார்த்தைக்கு வார்த்தை இடைவெளி இல்லை. இதோ, இதோ என்று கூட்டம் எழுந்திருக்கிறது, எட்டாயிரம் பேர் எழுந்திருப்பது ஒரு லாரி மேடு ஏறுகிற மாதிரிக் கேட்கிறது. விசில். நீளமான விசில். அப்புறம் அந்தக் கத்தல், சந்தோஷக் கத்தல். பெனால்டி, பெனால்டி என்கிறார், அது எந்த பாஷையிலும் அதேதான். அவர்களுக்குப் பெனால்டி. ஆனால் இப்போது, நான் விசிலைக் கேட்கிற இந்த இப்போதில், அங்கே நாற்பது செகண்ட் ஓடிவிட்டது. அங்கே பந்தைப் புள்ளியில் வைத்திருப்பார்கள். உதைத்தேகூட இருப்பார்கள். முதுகைப் பார்க்கிறேன். முதுகு மூச்சு விடவில்லை. அதை எப்படிக் கண்டுபிடித்தேன் என்று கேட்டால், சட்டையில் அந்த வியர்வைத் தீவு அசையவில்லை. அப்புறம் ஒரே தடவை, அவர் உடம்பு முழுக்க ஒரு உதறல். அப்புறம் ஒரு கை மேலே போய்ப் பின்னந்தலையைப் பிடித்துக்கொண்டது. முடிந்துவிட்டது. அங்கே முடிந்துவிட்டது. அக்கா குதித்துவிட்டாள், எந்தப் பக்கமோ, எப்படியோ, அவளுக்கு அது பழசாகிவிட்டது, நான் இன்னும் அவள் குதிக்காத உலகத்தில் நின்றுகொண்டிருக்கிறேன். இயேசுவே வலது பக்கம் குதிக்கட்டும். வலது பக்கம் குதித்தால் வலது காலை ஊன்றித் தள்ளுவாள். இடது பக்கம் என்றால் இடது முட்டிதான் மொத்த உடம்பையும் தூக்கிப் போட வேண்டும். நடந்து முடிந்துவிட்ட ஒன்றுக்காக ஜெபம் பண்ணுகிறேன். இது செல்லுமா. யாரைக் கேட்பது. குரல் தணிகிறது. ஒருத்தி ஓடி வருகிறாள், அது குரலில் தெரிகிறது, ஒரு படி, ஒரு படி. தம். பந்துச் சத்தம், அவ்வளவு அமைதி அங்கே. பா திகே.

இடது பக்கம். யாருக்கு இடது. உதைத்தவளுக்கா, அக்காவுக்கா, மாடியில் மைக்கோடு உட்கார்ந்திருக்கிற அவருக்கா. இருபது வார்த்தை பிடித்து வைத்தேனே, யாருக்கு என்பதற்கு ஒரு வார்த்தை பிடித்து வைக்கவில்லையே. குரல் மேலே போய் அந்தரத்தில் நின்றுவிட்டது. அதற்கு அப்புறம் கூட்டம். கூட்டம் கத்தவில்லை. கத்தவே இல்லை. ஒரு மைதானம் முழுக்க வாயை மூடிக்கொண்டது. கோல் இல்லை, கோல் என்றால் காது கிழிந்திருக்கும், அப்படியானால் பிடித்துவிட்டாள், தட்டிவிட்டாள், அய்யோ அக்கா. ஆனால் அமைதி நீளுகிறது. பெனால்டி போனால் முனக வேண்டும், திட்ட வேண்டும், இது அது இல்லை. ஒரு ஆள் தரையில் கிடந்தால் வருகிற அமைதி இது, எனக்கு இது தெரியும், எங்கள் மைதானத்தில் கேட்டிருக்கிறேன். அப்புறம் ஒரு மூலையில் கை தட்டல். பத்துப் பேர், நூறு பேர். தட்டல் பரவுகிறது. எதிராளி ஊர்க்காரர்கள் ஒரு கீப்பருக்கு எதற்குக் கை தட்டுவார்கள். நன்றாகப் பிடித்தால் தட்டுவார்கள். ஸ்ட்ரெச்சரில் தூக்கிக்கொண்டு போனாலும் தட்டுவார்கள். ரெண்டும் ஒரே தட்டல்தான், கேட்டு வித்தியாசம் கண்டுபிடிக்க முடியாது. பொலின் என்கிறார் அந்த ஆள். இந்தத் தடவை ரொம்ப மெதுவாக. கருகல் வாடை. நான் பிரஸ்ஸைத் திறக்கவே இல்லை. திறந்தேன். ஊதா ஜெர்சி நடுவில் பளபளவென்று பழுப்பாக ஒரு சதுரம், கரண்ட் கணேசன் உருகி வழிந்துவிட்டான். வழியட்டும். எனக்கு அந்த நாற்பது செகண்ட் இனி வேண்டாம்.

"அண்ணா, திரும்புங்க."

திரும்பினார். முகம் கண்ணாடி என்று சொன்னேனே, அதில் எதுவும் படிக்க முடியவில்லை, சிரிப்பும் இருந்தது, கண்ணும் நனைந்திருந்தது, எதையோ புரியாமல் கேட்கிறவர் மாதிரிப் புருவமும் சுருங்கியிருந்தது. பிடித்தாளா என்று கேட்டேன். தட்டிவிட்டாங்க, கார்னர் என்றார். எந்தப் பக்கம் என்றேன். அவர் தன் இடது கையைத் தூக்கினார், கொஞ்சம் யோசித்து, உன் அக்காவோட இடது என்றார். ஸ்ட்ரெச்சரா என்றேன். இல்லை என்று தலையை ஆட்டினார். விழுந்தார்கள், உடனே எழுந்தார்கள், டீம் எல்லாம் ஓடி வந்து மேலே விழுந்து கட்டிப்பிடித்தார்கள், உன் அக்கா எல்லாரையும் விலக்கிவிட்டுத் தரையில் உட்கார்ந்தார் என்று தமிழையும் வங்காளத்தையும் கலந்து சொன்னார். அப்புறம் ஒரு நிமிஷம் என்று விரலைக் காட்டிவிட்டு இயர்போனைக் காதோடு அழுத்திக் கேட்டார். சியால்தாவில் கெட்டில் கொதித்துக்கொண்டிருந்திருக்கும்.

"கையைத் தூக்கறாங்க, தங்கச்சி. தானா தூக்கறாங்க. வெளிய போறேன்னு பெஞ்சுக்குக் காட்டறாங்க. ரேடியோக்காரருக்கு ஒண்ணும் புரியல. அடி இல்ல, ரத்தம் இல்ல, பெனால்டி பிடிச்ச ஆளு ஏன் போகுதுன்னு கேக்கறார்."

எனக்குப் புரிந்தது. கல்கத்தாவில் எட்டாயிரம் பேருக்குப் புரியாதது பெரியமேட்டில் எனக்குப் புரிந்தது. உள்ளே ஏதோ பிடித்திருக்கிறது, அறுவதற்கு முன்னால் ஒரு சின்ன இழுப்பு, அவளுக்கு மட்டும் கேட்கிற ஒன்று. இன்னும் பத்துப் பதினைந்து நிமிஷம் நின்றிருந்தால் போதும், நாளைக்கு எல்லோர் வாயிலும் அவள் பெயர்தான். எவளாக இருந்தாலும் நின்றிருப்பாள். நான் நின்றிருப்பேன், முட்டி போனால் போகட்டும் என்று நின்றிருப்பேன், அப்புறம் வாழ்நாள் முழுக்க நொண்டிக்கொண்டு அந்தக் கதையைச் சொல்லிக்கொண்டிருந்திருப்பேன். ஸ்பூன் கேட்ட அந்தப் பொண்ணு, விரல் உடைந்ததைச் சொல்லாத அழுத்தக்காரி, தன் வாழ்க்கையிலேயே நல்ல நேரத்தில், எல்லோரும் பார்க்கும்போது, கையைத் தூக்கிவிட்டாள். பெனால்டி பிடித்தது பெரிய விஷயம்தான். எனக்கு அதைவிடப் பெரிசு இதுதான். நடக்கிறாளா என்று கேட்டேன். நடக்கறாங்க, யாரையும் பிடிக்காம, மெதுவா என்றார். முட்டி என்ன ஆகியிருக்கிறது என்று இப்போது யாருக்கும் தெரியாது, நாளைக்கு ஸ்கேன் எடுத்தால் தெரியும், ஆனால் நடக்கிறாள். அம்மாவிடம் இன்றைக்கே நான்தான் சொல்லப் போகிறேன், அக்கா சொல்வதற்கு முன்னால், அடி வாங்கினாலும் பரவாயில்லை.

அப்புறம் அது என் காதுக்கு வந்தது. தெரிந்ததுதான், எல்லாம் தெரிந்ததுதான், இருந்தும் நான் மெஷினைப் பிடித்துக்கொண்டேன். கமென்ட்ரிக்காரர் ஒஷாதாரொன், ஒஷாதாரொன் என்றார், அது அசாதாரணம் என்பதுதான் என்று அப்போது எனக்குப் புரிந்தது. அப்புறம் அவர் தயங்கினார், கேள்வி கேட்டார், நிறுத்தினார். முதல் தட்டல் ஓய்ந்து இன்னொன்று தொடங்கியது. இது நடந்து போகிறவளுக்கு. மோதிர விரல் கோணலாக இருக்கிற, போர்வையைப் பிடுங்குகிற, குட்டச்சி பவுலுக்கு. கல்கத்தாக்காரர்கள் தட்டுகிறார்கள், தோற்றுக்கொண்டிருக்கிறவர்கள் தட்டுகிறார்கள், நின்று தட்டுகிறார்கள் என்றுதான் எனக்குத் தோன்றியது, உட்கார்ந்துகொண்டு தட்டினால் சத்தம் இப்படி மேலேயிருந்து வராது. மோஹிதுல் அண்ணன் தன் இயர்போனில் ஒன்றைக் கழற்றி என் பக்கம் நீட்டினார், வா, இங்க புது ஆள் வந்தாச்சு, கார்னர் எடுக்கப் போறாங்க என்றார். நான் மாட்டேன் என்று தலையாட்டினேன். என் காதில் அவள் இன்னும் மைதானத்தில்தான் இருந்தாள், கோடு வரைக்கும் போய்ச் சேரவில்லை, அவள் போய்ச் சேருகிறவரை ஒரு தட்டலையும் விட முடியாது. புது கீப்பர் யாரு என்று மட்டும் கேட்டேன். மூன்றாவது கீப்பர், சின்னப் பொண்ணு, மிஸோரம், முதல் மேட்ச் போலிருக்கிறது என்று சொல்லி, பெயரை ரெண்டு தடவை திக்கித் திக்கிச் சொன்னார். லால்ரின்புயி. இதுவரை அந்தப் பெயரை நான் கேட்டதே இல்லை. பெனால்டி பிடித்தவள் நின்ற இடத்தில் போய் நிற்கப்போகிறாள், மழை மாதிரிப் பந்து வரும், மைதானம் முழுக்க அவளுக்கு எதிராளி, அவள் வீட்டில் யாராவது எந்த வழியிலாவது கேட்டுக்கொண்டிருக்கிறார்களா, யாருக்குத் தெரியும். அண்ணனின் கண் சட்டென்று விரிந்தது. உடனே முகத்தைத் திருப்பிக்கொண்டார். அங்கே கார்னர் வந்துவிட்டது. பந்து எங்கேயோ போய்விட்டது, நல்லதோ கெட்டதோ ஆகிவிட்டது. எனக்கு இன்னும் எடுக்கவே இல்லை. தட்டல் அடங்கியது, விசில் கேட்டது, கூட்டம் மறுபடி அந்த லாரியை மேட்டில் ஏற்றத் தொடங்கியது. வாசலில் பாயின் செருப்புச் சத்தம். நான் இயர்போனைக் கழற்றவில்லை. பிடிடி, லால்ரின்புயி என்றேன், சத்தமாகவே.